முப்பத்தைந்து முழம்

கூடத்து மேசையில் ஜன்னல் பக்கமாக எழுத்தர் உட்கார்ந்திருந்தார். முன்னால் வெள்ளைத்தாள், ஒட்டாத உறை. எதிரே அண்ணி. கதவோரத்து முக்காலியில் கயிற்றுக்காரர், அண்ணியின் கணவருக்குத் தம்பி. நாலாவது நாற்காலி காலி. அதற்குரியவர் அண்ணியின் கணவர்; முப்பத்தோரு வருஷத்துக்கு முன், கடலடியில் ஒளிரும் வெளிச்சக்குழிக்குள் அரை மணி நேர வேலையாக, இடுப்பில் கட்டிய கயிற்றோடு இறங்கியவர்.

எழுத்தர்: ...'இம்மாதக் கடைசியில் கயிற்றை அறுக்கப்போவதாகத் தங்கள் அறிவிப்பு கிடைத்தது'. எழுதிட்டேன். காரணம் என்ன சொல்றாங்க?

கயிற்றுக்காரர்: இருபத்தஞ்சு வருஷமா கீழேருந்து ஆட்டமும் இல்ல, அசைவும் இல்லையாம். அப்படின்னா அறுத்துடணும்னு விதி.

எழுத்தர்: ஆனா இன்னைக்குக் காலையில...

கயிற்றுக்காரர்: கயிறைச் சுண்டினார். ஒரே ஒரு தடவை. ஒரு தடவைன்னா 'நல்லா இருக்கேன்'னு அர்த்தம். அவ்வளவுதான், எழுதி ஒட்டுங்க.

எழுத்தர்: கோர்வையா எழுதினாத்தான் துறை ஆபீஸ்ல படிப்பாங்க. இதுக்கு முன்னாடி சுண்டினது எப்போ?

அண்ணி: அவர் போன ஆறாவது வருஷம். எனக்கு முப்பது வயசு. 'நல்லா இருக்காராம்'னு தெருவே கூடிச்சு.

கயிற்றுக்காரர்: அண்ணி அழுத அழுகையில அடுப்பே அணைஞ்சிருக்கும்.

அண்ணி: நீ மட்டும் என்ன? கயிறைக் கட்டிப் பிடிச்சு முத்தம் கொடுத்தவன் யாரு? மூஞ்சியெல்லாம் கிரீஸ்.

எழுத்தர்: 'அவ்விடத்தில் நேரம் மெதுவாக ஓடுவது தாங்கள் அறிந்ததே.' சரிதானே?

கயிற்றுக்காரர்: மெதுவாவா? அதுக்கு நத்தை தேவலை. இறங்கினதுலேருந்து நாலு மூச்சு விட்டிருப்பார். இன்னும் அதே இருபத்தெட்டு வயசு.

எழுத்தர்: ம்... ஒரு சின்னச் சந்தேகம்.

கயிற்றுக்காரர்: உங்களுக்கு எப்பவும் சின்னதா ஒண்ணு இருக்குமே.

எழுத்தர்: ரெண்டு தடவை சுண்டினா?

கயிற்றுக்காரர்: ...தூக்குன்னு அர்த்தம்.

எழுத்தர்: ரெண்டுக்கும் நடுவுல எவ்வளவு நேரம் விடுவாங்க?

கயிற்றுக்காரர்: ஒரு மூச்சு. ரெண்டு மூச்சு. ஏன்?

எழுத்தர்: ரெண்டு தேதியையும் ஒண்ணுக்கடியில ஒண்ணு எழுதிப் பார்க்கறேன். இது 'நல்லா இருக்கேன்' ரெண்டு தடவையா... இல்ல, 'தூக்கு' ஒரே தடவையா?

கயிற்றுக்காரர்: உறையைக் கொடுங்க, நானே ஒட்டிடறேன்.

அண்ணி: கேக்கறார் இல்ல? பதில் சொல்லு.

கயிற்றுக்காரர்: கயிறை அறுக்கக் கூடாது. அதுக்கு மட்டும் எழுதுங்க ஐயா, போதும்.

எழுத்தர்: தூக்கச் சொல்லியே எழுதலாமே.

கயிற்றுக்காரர்: எழுதலாம். முன்னாடி ஒரு கூடையைத் தூக்கினப்போ பார்த்தோம். வெளிச்சத்துக்குள்ள இருக்கற கயிறு வருஷத்துக்கு ஒரு முழம்தான் மேல வரும். வெடுக்குன்னு இழுத்தா அறுந்துடும். இவர் நிக்கறது முப்பத்தஞ்சு முழத்துல.

அண்ணி: அது எனக்கும் தெரியும்.

எழுத்தர்: சரி, சாட்சி வேணும். இன்னைக்குக் காலையில கயிறு பக்கத்துல வேற யாரு இருந்தாங்க?

கயிற்றுக்காரர்: யாரும் இல்ல.

அண்ணி: நான் இருந்தேன்.

கயிற்றுக்காரர்: நீங்க இன்னைக்குத் துறைப்பக்கமே வரலையே, அண்ணி.

அண்ணி: இன்னைக்கு இல்ல. பதினாலு வருஷத்துக்கு முன்னாடி. வெள்ளிக்கிழமை, நல்ல மழை. உனக்கு மதியச் சாப்பாடு கொண்டுவந்தேன். நீ கப்பிக்கிட்ட கயிறைப் பிடிச்சுட்டு நின்னே. எப்பவும் போல நான் பின்னால ஒரு கை வெச்சேன். அப்போ சுண்டிச்சு. உன் முதுகு அப்படியே விறைச்சுது.

கயிற்றுக்காரர்: உங்களுக்குத் தெரியாதுன்னு இத்தனை வருஷமா...

அண்ணி: நீ திரும்புவேன்னு நின்னேன்.

கயிற்றுக்காரர்: நீங்க கேப்பீங்கன்னு நானும் நின்னேன். 'ஆறிடும், சாப்பிடு'ன்னீங்க.

எழுத்தர்: அப்போ இன்னைக்குக் காலையில...

கயிற்றுக்காரர்: ஒண்ணும் இல்ல. கயிறு சும்மாதான் கிடந்தது.

எழுத்தர்: அன்னைக்கே ஏன் சொல்லல?

கயிற்றுக்காரர்: நல்லா இருக்கார்னு நம்பி நிம்மதியாத் தூங்கிட்டிருந்தாங்க. தட்டி எழுப்பி, 'இல்ல, அவர் தூக்கச் சொல்றார், நீங்க முப்பத்தஞ்சு வருஷம் பொறுத்துக்குங்க'ன்னு எந்த வாயால சொல்ல? நாளைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம்னு... கீழ என்ன ஆச்சோ, எதுக்குக் கேட்டாரோ.

அண்ணி: ஒண்ணும் ஆகியிருக்காது. அண்ணாந்து பார்த்திருப்பார். பகலு எது, ராத்திரி எதுன்னு தெரியாம ஒரே கலங்கலாப் போயிருக்கும். மேல வருஷம் வருஷமா ஓடுதுன்னு புரிஞ்சிருக்கும். வீட்டுல ஒருத்தி இருக்காளேன்னு சுண்டியிருப்பார்.

எழுத்தர்: கீழ அவருக்கு இது கொஞ்ச நேரம்தான், அம்மா. நீங்க தாமதிச்சது அவருக்குத் தெரியவே போறதில்ல.

அண்ணி: எனக்குத் தெரியுமே.

எழுத்தர்: ...இந்தத் தாளைக் கிழிச்சுடறேன். உண்மைத் தேதியைப் போட்டு, 'உடனே தூக்கவும்'னு எழுதறேன். ஆனா மறைச்சதுக்குத் தம்பி மேல நடவடிக்கை வரும்.

கயிற்றுக்காரர்: வரட்டும். எப்படியும் முப்பத்தஞ்சு வருஷம் கப்பி சுத்த இந்தத் தோள் தாங்காது.

எழுத்தர்: இங்க நீங்க கையெழுத்துப் போடுங்க. கீழ சாட்சி, அம்மா... ஆங், அங்கதான். உறையை ஒட்டிடலாமா?

அண்ணி: நல்லா அழுத்தி ஒட்டுங்க.

கயிற்றுக்காரர்: அண்ணி... நான் பயந்தாங்கொள்ளி, சரி. நீங்க ஏன் வாயைத் திறக்கல? அன்னைக்கு உங்களுக்கு நாப்பத்தொண்ணு. அப்பவே ஆரம்பிச்சிருந்தா எழுபத்தாறுல அவரைப் பார்த்திருக்கலாம். இனிமே ஆரம்பிச்சா...

எழுத்தர்: தொண்ணூறு.

அண்ணி: அதான். எழுபத்தாறுன்னா நான் உயிரோட இருந்து தொலைப்பேன். துறையில போய் நிப்பேன். இருபத்தெட்டு வயசுல ஒருத்தர் தண்ணி சொட்டச் சொட்ட மேல வருவார். 'பாட்டி, என் பொண்டாட்டி எங்க'ன்னு என்னையே கேப்பார். அன்னைக்கு மழையில நனைஞ்சுக்கிட்டே இதைத்தான் நினைச்சேன். தொண்ணூறுல அந்தப் பயம் இல்ல, நான் இருக்க மாட்டேன். அதனாலதான் இப்போ கையெழுத்துப் போட்டேன்... எழுந்திரு. தபால் எடுக்க வர்ற நேரம் ஆச்சு, ஓடிப் போய்ப் பெட்டியில போட்டுட்டு வா.