கம்பியின் கடைசிக் கொக்கி

மேடையில் அமர்ந்திருக்கும் சங்கத் தலைவர் அவர்களே, செயலாளர் அவர்களே, நாம் இன்று நினைவுகூரும் சார்ஜென்ட் ஐயாவின் மகளே, பேரப்பிள்ளைகளே, அவரோடு வானத்திலிருந்து குதித்துத் திரும்பி வந்த பெரியவர்களே, வணக்கம்.

விமானத்தின் வாசல்வரை வந்து குதிக்காமல் நின்றுவிட்ட ஒருவருக்கு, குதித்தவர்களின் நினைவகத்தில் இடம் உண்டா? எனக்கு விடை தெரியாது. இங்கே இத்தனை வருடம் காப்பாட்சியராக இருந்தும் தெரியாது. சார்ஜென்ட் ஐயா தனக்குத் தெரியும் என்றார். அதற்காக, இதோ இந்த மேடையில் இருக்கும் செயலாளரோடு கடைசிவரை சண்டை போட்டார்.

நம் பெரிய கூடத்து விமானத்தைப் பார்த்திருப்பீர்கள். உள்ளே தலைக்கு மேல் ஒரு கம்பி ஓடுகிறது. குதிப்பவர் தன் கொக்கியை அதில் மாட்ட வேண்டும். கொக்கியிலிருந்து முதுகிலுள்ள பாராசூட்டுக்கு ஒரு நீண்ட வார். ஆள் விழும்போது அந்த வார்தான் பாராசூட்டை இழுத்துத் திறக்கும். அது கைக்கடியில் சிக்கினால்? கை முறியும், உயிரும் போகலாம். தன் முதுகைத் தானே பார்க்க முடியுமா? அதனால் பின்னால் நிற்பவர் பார்ப்பார். சரியாக இருந்தால் தோளில் தட்டுவார்.

நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஐயா என்னை அந்த வாசலில் நிறுத்தினார். கீழே தரை நாலடிதான். மெத்தை வேறு விரித்திருந்தது. "குதிங்கம்மா" என்றார். என் கால் நகரவில்லை! நாலடிக்கே இப்படியென்றால், கீழிருந்து சுடுகிறார்கள் என்று தெரிந்தும் அந்த வாசலைத் தாண்டியவர்கள் யார்? எதனால் ஆனவர்கள்? எதையும் எளிதில் நம்பாத நான் அன்று தலை வணங்கி நின்றேன். உங்கள் முன்னால் இன்றும் அப்படித்தான் நிற்கிறேன்.

ஆனால் ஐயா தன்னைப் பற்றிப் பேசவே மாட்டார். பேசினால் தனக்குப் பின்னால், வரிசையின் கடைசியில் நின்றவரைப் பற்றித்தான். 'ஒல்லி' என்பார்களாம் அவரை.

"வார் என் கைக்கடியில போயிருந்துச்சும்மா. ஒல்லிதான் பார்த்து இழுத்துவிட்டான். தோள்ல தட்டினான். நான் குதிச்சேன். அவன் குதிக்கல."

"வார் சிக்கியிருந்ததை நீங்க பார்த்தீங்களா சார்?"

"என் முதுகை நான் எப்படிம்மா பார்ப்பேன்?"

"அப்போ ஆதாரம் இல்லையே."

"எதிர்ல உட்கார்ந்து டீ குடிக்கிறேனே! நீங்க படிச்ச யுனிவர்சிட்டிக்கு இது போதாதா?"

சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. "ஒல்லிக்கு உடம்பே நடுங்கிட்டிருந்துச்சு. ஆனா என் மேல பட்ட கை நடுங்கல" என்றார்.

ஒல்லி அதே விமானத்தில் திரும்பிப் போனார். கோழை என்ற பெயரோடு வாழ்ந்து, அதே பெயரோடு இறந்தார். இந்தக் கட்டடத்துக்குள் அவர் கால் வைத்ததே இல்லை.

அன்று குதித்த ஒவ்வொருவருக்கும் நம் கம்பியில் ஒரு கொக்கி இருக்கிறது. ஐயா தினமும் காலையில் தன் கொக்கிக்குப் பின்னால் ஒல்லிக்காக இன்னொன்றை மாட்டுவார். செயலாளர் தினமும் மாலையில் அதைக் கழற்றுவார்.

"இது நினைவகமாடா, துணி காயப்போடற கொடியா? தினமும் மாட்டறியே!" என்பார் செயலாளர்.

"உனக்கு மீசை மட்டும்தான்டா வளர்ந்துச்சு."

எங்களுக்கெல்லாம் அது வேடிக்கையாக இருந்தது, ஒருநாள் செயலாளர் இதைச் சொல்லும்வரை. "அன்னைக்குக் குதிச்ச என் தம்பி திரும்பி வரல சார்ஜென்ட். அவன் கொக்கி தொங்கற கம்பியில இவன் கொக்கியா?"

ஐயா அன்று தன் கையாலேயே கொக்கியைக் கழற்றி நண்பரிடம் கொடுத்தார். விடிந்ததும் வந்து, கேட்டு வாங்கி, மறுபடி மாட்டினார்!

நான் வாக்குறுதி தருவதில் சிக்கனமானவள். இன்று ஒன்று தருகிறேன். இங்கே வரும் ஒவ்வொருவரையும் ஐயா நிறுத்திய அதே வாசலில் நிறுத்துவோம். யாரையும் தள்ள மாட்டோம். முன்னால் நிற்பவரின் முதுகைப் பார்க்கச் சொல்லித் தருவோம்.

ஐயா காலமானது செவ்வாய் இரவு. மறுநாள் நடந்ததை, செயலாளரின் அனுமதியோடு சொல்லிவிட்டு அமர்கிறேன்.

புதன் காலை நான்தான் கூடத்தைத் திறந்தேன். கம்பியில் ஐயாவின் கொக்கிக்குப் பின்னால் ஒன்றும் இல்லை. முந்திய மாலை செயலாளர் வழக்கம்போல் கழற்றியிருந்தார். செயலாளர் வந்தார். நேராக விமானத்துக்குள் ஏறினார். தம்பியின் கொக்கியை ஒருமுறை தொட்டார். பிறகு தன் சட்டைப் பையிலிருந்து அந்தக் கொக்கியை எடுத்துக் கடைசியில் மாட்டினார். சரியாக விழுந்திருக்கிறதா என்று இழுத்துப் பார்த்தார்.

"சார்ஜென்ட்டுக்குப் பின்னால ஆள் வேணுமில்ல" என்றார்.

அன்று மாலை அதைக் கழற்ற யாரும் வரவில்லை.