வெள்ளிக்கிழமைக் கடற்கொள்ளையர்

பெட்டி கட்டுவதில் ஷார்ஜாவிலேயே எனக்கு நிகர் கிடையாது. முவைலா லேபர் கேம்ப்பிலிருந்து யார் லீவில் போனாலும் அட்டைப்பெட்டிக்குக் கயிறு போட்டவன் இந்தப் பொன்னுச்சாமிதான். என் முடிச்சைக் கண்டால் கஸ்டம்ஸ்காரனே கும்பிட்டு அனுப்பிவிடுவான்.

அதைவிடப் பெரிய வித்தை ஒன்றும் கையில் இருந்தது. கொள்ளையர் கப்பல், ஆளில்லாத் தீவு, புதையல் என்று பழைய சாகசக் கதைகளை அப்படியே வைத்துக்கொண்டு, துணிமணியை மட்டும் மறந்துவிட்டு எடுத்த இங்கிலீஷ் படங்கள் 2005-இல் ரோலா கடைத்தெருவில் ரகசியமாகக் கிடைத்தன. வெள்ளிக்கிழமை மத்தியானம் எங்கள் ரூமில் ஓடும். பேசுவது யாருக்கும் புரியாது. டிவி பக்கத்தில் நின்று நான் கதை சொல்வேன். கப்பல் தலைவனுக்கு ஏழு பெண்டாட்டி, எட்டாவதைத் தேடித்தான் கடலில் இறங்கினான் என்பேன். நாற்பது பேர் சிரிக்கிற சிரிப்பில் ஏசி நின்றுவிடும். படத்தை விட்டுவிட்டு என் வாயைத்தான் பார்த்தார்கள்.

அப்புறம் ஜெயசீலன் வந்தான். டிப்ளமா படித்தவன். இரண்டாவது வாரமே, "அண்ணே, அவன் பெண்டாட்டி பேச்சே எடுக்கலியே. கப்பல்ல ஓட்டைங்கறான்," என்றான்.

அன்றைக்கும் நாற்பது பேர் சிரித்தார்கள். "பெரிசு, இத்தன நாளா ரீலா விட்டுக்கிட்டிருந்த?" என்றான் பக்கத்துக் கட்டில் வாசு. அடுத்த வெள்ளியிலிருந்து டிவி பக்கத்தில் ஜெயசீலன் நின்றான்.

நான் கோபப்படவில்லை. அவனுக்கு ஊரில் நிச்சயதார்த்தம் வைத்தார்கள். பெண் நாகஜோதி, அவள் அப்பா இங்கிலீஷ் வாத்தியார், சாகசக் கதைப் பிரியர். அவருக்காகவே யோக்கியமான கடற்கொள்ளையர் படம் ஒன்று ரோலாவில் வாங்கியிருந்தான். பெட்டி கட்டும்போது உறையை அப்படியே விட்டு, உள்ளே இருந்த சிடியை மாற்றினேன். கப்பல் கப்பல்தான், தீவும் தீவுதான். படம் மட்டும் எங்கள் வெள்ளிக்கிழமைப் படம்.

நிச்சயத்தன்று இரு வீட்டாரும் கூடத்தில் உட்கார்ந்து போட்டுப் பார்த்திருக்கிறார்கள். பத்தாவது நிமிடம் வாத்தியார் எழுந்து சம்பந்தமே வேண்டாமென்று சொல்லிவிட்டார்.

பதினைந்தாம் நாள் திரும்பி வந்தவன், ரோலாக் கடைக்காரன் கழுத்தறுத்துவிட்டான் என்று என் தோளில் சாய்ந்து அழுதான். "விடு தம்பி, ஊர்வாய் நாலு நாளைக்கு," என்று தட்டிக்கொடுத்தேன். அதற்கப்புறம் அவன் லீவே கேட்கவில்லை. மூன்று வருஷம் கழித்து அவன் அம்மா செத்த சேதி வந்தது. எந்த முகத்தோடு போவதென்று அன்றும் டூட்டிக்குப் போனான்.

உண்மையைச் சொல்லியிருக்கலாம்தான். பாவம், மனசு கஷ்டப்படுவான்.

வெள்ளிக்கிழமைகளில் நான் மறுபடி கதை சொல்ல ஆரம்பித்தேன். ஜெயசீலன் கடைசிக் கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்திருப்பான். கப்பல் தலைவனுக்குப் பதினேழு பெண்டாட்டி என்றுகூடச் சொல்லிப் பார்த்தேன். ஒருமுறையும் திருத்தவில்லை. என் கதை அவனுக்குப் பிடித்துப்போய்விட்டது.