வெறுங்கழனி

— அன்னிக்கு எங்கப்பா கேட்டாரு: "சவுரிராயண்ணே, பணம் சேந்ததும் எப்ப வந்தா கழனியத் திருப்பித் தருவீங்க?" உங்கப்பா சிரிச்சிக்கினே சொன்னாரு: "மரியசூசை, பயிரு நிக்கிற கழனிய யாரும் மீக்க மாட்டாங்க. வெறுங்கழனியா கெடக்கறப்ப வா, தந்துடறேன்." ஞாபகம் இருக்குதா, இன்னாசிராஜ்?

— இருக்குது ராணி. நீதான் மோர் கொண்டாந்து குடுத்த. உப்பு கொஞ்சம் ஜாஸ்தி.

— உப்பு மட்டும் ஞாபகம் இருக்குது. அடுத்த மாசமே உங்கப்பா கரும்பு நட்டாரே, அது?

— அதுவும்தான்.

— வெட்டினா கட்டையிலயே மறுபடி தழைக்கும். கட்டை செத்தா ஊடால புதுசா நட்டுடுவாரு. தொண்ணூத்தி மூணுலேர்ந்து இந்தக் கழனி ஒருநாளும் வெறுங்கழனி ஆவல. எங்கப்பா சித்திரைக்குச் சித்திரை வந்து வரப்புல நின்னு பாத்துட்டுப் போவாரு. கடைசியில கல்லறைக்கே பூட்டாரு.

— நானும் பாத்துக்கினுதான் இருந்தேன்.

— பாத்துக்கினு இருந்தீங்க, வாயத் தொறக்கல.

— முன்னல்லாம் மாமான்னு கூப்புடுவ. இப்ப முழுப்பேரு.

— அது எங்கக்கா கல்யாணத்துக்காகக் கழனிய உங்ககிட்ட போக்கியத்துக்கு விடறதுக்கு முன்ன. சொல்லுங்க, இந்த வருஷம் மட்டும் என்னாத்துக்கு வெறுமனே கெடக்குது?

— கெடக்கட்டுமே.

— போன வாரம் பஸ்ஸுலேர்ந்தே பாத்தேன். கல்லு வேற நட்டிருக்கீங்க. பிளாட்டா? யாருக்கு எழுதிக் குடுத்தீங்க?

— வெயில்ல நிக்கற. முதல்ல தண்ணி குடி.

— வேணாம். உங்க வூட்டுத் தண்ணி குடிச்சா அதுக்கும் ஒரு பத்திரம் நீட்டுவீங்க.

— அது சரி. அப்பா பத்திரத்துல என்னா எழுதியிருக்காருன்னு தெரியுமா உனக்கு?

— பத்து வருஷத்துல மீக்காட்டி கிரயம் ஆயிடும்னு. அதானே வருதுன்னு பாத்தேன். பத்து வருஷம் போன வருஷமே முடிஞ்சிபோச்சின்னு சொல்லப் போறீங்க.

— நான் ஒண்ணும் சொல்லல.

— நான் சொல்றேன், கேளுங்க. விழுப்புரத்துல வக்கீலப் பாத்துட்டுத்தான் வந்திருக்கேன். அந்த வரி செல்லாது. அடமானம்னு எழுதினா அடமானம்தான், கெடு வெச்சி அத கிரயமா மாத்த முடியாது. பணத்த நீட்டினா கழனிய விட்டாகணும்.

— அதத்தான் என்கிட்டயும் சொன்னாங்க.

— யாரு?

— நானும் ஒரு வக்கீலப் பாத்தேன். எங்கப்பா செத்து காரியம் முடிஞ்ச கையோட.

— நீங்க எதுக்குப் பாத்தீங்க? எதுல ஓட்டை இருக்குதுன்னு தேடவா?

— மாடு மேய்க்க வந்தா இங்க பேச்சு சத்தம் கேக்குது. ஏன் இன்னாசி, யாரு இது? மரியசூசை பொண்ணா? திண்டிவனத்துல நர்ஸா இருக்குதே, அதுவா?

— ஆமா, கோவிந்தம்மாக்கா. கழனியக் கேட்டு வந்திருக்கு.

— வந்துட்டியாம்மா? இந்த ஆளு பண்ண பேஜாரு கேளு. மாசி பூராவும் கடப்பாரைய வெச்சிக்கினு ஒத்த ஆளா கரும்புக் கட்டையப் பேத்துக்கினு கெடந்தாரு. கூலிக்கு நான் வர்றேன்னேன், வேணான்னுட்டாரு. கையப் பாரு, கொப்புளம் இன்னும் ஆறல.

— அக்கா, நீ மாட்டப் பாரு, வரப்பு மேல போவுது.

— போவட்டும். கல்லப் பத்திச் சொன்னியா? இவங்கப்பா வரப்ப ஓட்டித் தன் கழனியோட சேத்துக்கினாரும்மா. சர்வேயர அழைச்சாந்து உங்க பங்க அளந்து கல்லு நட்டதே இவருதான்.

— நெஜமாவா?

— பொய் சொல்லி எனக்கு என்னா வரப்போவுது? தோ, மாடு உள்ள எறங்கிடுச்சி.

— இன்னாசிராஜ், நெஜமா?

— ஆமா.

— அப்ப என் வூட்டுக்கு வந்து சொல்றதுக்கு என்னா?

— நானா வந்து கழனிய எடுத்துக்கோன்னா நீ வாங்குவியா? மூஞ்சியில வீசியிருப்ப. பயிர எடுத்துட்டா பஸ்ஸுலேர்ந்தே உனக்குத் தெரியும், நீயே வருவன்னு இருந்தேன்.

— இதுல என்னமோ இருக்குது. ஒண்ணும் இல்லாம உங்க வூட்டுல எவரும் ஒரு முழ வரப்ப விட மாட்டாங்க.

— இருக்குதுதான். முதல்ல பணத்தக் குடு.

— இந்தாங்க. எண்ணிக்கோங்க.

— வேணாம். இந்தா பத்திரம். திங்கக்கெழம திருவெண்ணெய்நல்லூர் வந்துடு, ரத்துப் பண்ணி ரிஜிஸ்தர் பண்ணிடுவோம்.

— அவ்ளோதானா?

— அவ்ளோதான். கழனி உன்னுது.

— அப்ப இனிமே உங்களுக்கும் எனக்கும் நடுவுல ஒண்ணும் இல்ல.

— இத உன் வாயால கேக்கத்தான் இத்தினி வருஷம் காத்துக்கினு இருந்தேன்.

— புரியல.

— உங்கக்கா ஜெசிந்தா கல்யாணத்துக்கு ஃபாதர் பூசையில ஓலை வாசிச்சாரே, இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம், தடை இருந்தா சொல்லுங்கன்னு. அன்னிக்கே உங்கப்பாகிட்ட ஒண்ணு கேட்டிருப்பேன். அதுக்குள்ள பத்திரத்துல ரேகை வெச்சிட்டாங்க.

— அதுக்கும் இதுக்கும் என்னா?

— உங்க கழனியக் கையில வெச்சிக்கினு கேட்டா உன்ன வட்டிக்குக் கேட்டாப்ல ஆயிடும், ராணி. உங்கப்பாவால முடியாதுன்னு சொல்ல முடியாது. உன்னாலயும் முடியாது.

— இப்ப?

— இப்ப முடியும். வேணான்னா வேணான்னு சொல்லிட்டு பஸ் ஏறு, திங்கக்கெழம கையெழுத்துக்கு நான் வந்துடுவேன். வர்ற ஞாயித்துக்கெழம நம்ம ரெண்டு பேரு ஓலைய ஃபாதர வாசிக்கச் சொல்லட்டுமா?