பிம்லே அம்மையாரின் எழுபத்தொன்றாவது முடிவு

வட்டித்தொழில் கிட்டங்கி வேலையைக் கிட்டங்கியிலேயே விட்டுவிட்டு, கைக்கடிகாரத்தைச் சட்டைப்பையில் மறைத்துக்கொண்டு, பொறுமையே உருவாக அமர்ந்திருக்கும் அக்கிராசனர் உயர்திரு தேனப்பன் செட்டியார் அவர்களே! இன்றைய தீர்மானத்தைக் கொண்டுவந்திருக்கும் திரு பெரியகருப்பன் அவர்களே! புத்தகப் பதிவேட்டைப் பெற்ற பிள்ளைபோலப் பேணிவரும் காரியதரிசி ஜனாப் முகம்மது சுல்தான் அவர்களே! அக்கரைப் பாகான் டாலாமிலிருந்து படகேறி வந்த பெரியோர்களே! மூங்கில் தட்டிக்கு அந்தப் பக்கம் அமர்ந்து, இந்தப் பக்கத்தைவிட அமைதியாக இருக்கும் தாய்மார்களே! உங்கள் அனைவருக்கும் என் பணிவான வணக்கம்.

நமது செந்தாமரை வாசகசாலையின் முன்னே இன்று ஒரு தீர்மானம் நிற்கிறது. அகஸ்டா பிம்லே என்னும் ஆங்கில அம்மையார் எழுதிய நாவல்களைத் தமிழாக்கி, பதினான்கு நோட்டுப் புத்தகங்களாக நம் அலமாரியில் வைத்திருக்கிறோம். அவற்றைப் பழைய காகிதக் கடைக்கு அனுப்பிவிட வேண்டும். வெள்ளிக்கிழமை பிற்பகலில் பெண்கள் கூடி வாசிக்கும் இரண்டு மணி நேரத்தையும் நிறுத்திவிட வேண்டும். இதுவே தீர்மானம். வாக்கெடுப்புக்கு முன் அந்த அம்மையாரின் வாழ்க்கை வரலாற்றை எடுத்துரைக்கும்படி என்னைப் பணித்தார்கள். எப்பேர்ப்பட்ட பெண்மணி என்று தெரிந்தால் சபைக்கு முடிவெடுக்க எளிதாக இருக்குமாம். நியாயந்தானே?

அகஸ்டா பிம்லே யார்? இங்கிலாந்தின் வடக்கே, வெயில் விருந்தாளியாக மட்டும் வந்துபோகும் ஒரு சிற்றூரில், பாதிரியார் ஒருவரின் ஏழாவது மகளாகப் பிறந்தவர். தந்தையின் பிரசங்கங்களைப் பத்தொன்பது வயது வரை கேட்டார். அதற்குமேல் தாங்காமல் தாமே எழுதத் தொடங்கினார். முப்பத்திரண்டு ஆண்டுகளில் எழுபது நாவல்கள். எழுபதிலும் கடைசிப் பக்கத்தில் கல்யாணம். அம்மையாருக்கோ மூன்று முறை நிச்சயமாகி, மூன்று முறையும் அவரே வேண்டாமென்று சொல்லிவிட்டார்.

எப்படி எழுதினார்? கால்களைப் பித்தளைத் தொட்டியில் வைத்துக்கொண்டு எழுதினார். காதல் காட்சிக்குத் தண்ணீர். கயவன் வரும் காட்சிக்கு வெந்நீர். பின்வரிசையில் ஓர் அண்ணன், "மேமுக்குக் கிறுக்கா லா?" என்று கேட்கிறார். அண்ணே, எழுபது நாவல் எழுதிவிட்டு நீங்கள் கேளுங்கள். அப்போது பதில் சொல்கிறேன்.

அந்தத் தொட்டியை நான் கண்ணால் கண்டவன். மூன்றாண்டுகளுக்கு முன், முப்பத்தொன்றாம் ஆண்டில், பழுதான கப்பல் ஒன்று நம் துறைமுகத்தில் மூன்று வாரம் தங்கியது. அதில் வந்த அம்மையாருக்கு ஜெலுத்தோங்கில் பங்களா பிடித்துக் கொடுத்த கப்பல் கம்பெனி குமாஸ்தா அடியேன்தான். சுங்க அதிகாரி தொட்டியைத் தட்டிப் பார்த்து, இது என்ன என்று கேட்டார். "என் பேனா" என்றார் அம்மையார். அதிகாரி அப்படியே எழுதிக்கொண்டார்.

உடன் வந்த காரியதரிசிப் பெண் கொழும்பிலேயே இறங்கி, கப்பலில் பழகிய ஒரு தோட்டத்துத் துரையை மணந்துகொண்டாராம். அம்மையாரின் எழுபது நாவலையும் தட்டெழுதிய பெண் வேறென்ன செய்வாள்? அந்த இடத்தில் நம் ஊர்ப் பள்ளி ஆசிரியை ஜெயலெட்சுமி அம்மையார் அமர்ந்தார். அவர் இப்போது தட்டிக்கு அந்தப் பக்கம் இருக்கிறார். சமையலுக்குக் கடையநல்லூர் ஹபீபா பீவி வந்தார்.

இனித்தான் கதை. பிம்லே அம்மையாருக்கு ஒரு வழக்கம் உண்டு. நாவலின் கடைசி அத்தியாயத்தை முதலில் பதிப்பாளருக்குக் காட்டமாட்டார். அடுக்களைக்குப் போய்ச் சமையற்காரிக்கு வாசிப்பார். அவள் கதை கேட்கும் சுவையில் அடுப்பை மறந்து, பண்டம் தீய்ந்துபோனால் முடிவு நல்ல முடிவு. தீயாவிட்டால் அத்தியாயத்தைக் கிழித்துவிடுவார். எழுபது நாவலுக்கு எழுபது சட்டி கருகியிருக்கிறது. விமரிசகர் எழுதுவதை நம்பலாமா, சட்டி சொல்வதை நம்பலாமா? சட்டிக்கு நண்பர் இல்லை, பகைவர் இல்லை, பத்திரிகை இல்லை.

எழுபத்தொன்றாவது நாவலின் முடிவு ஜெலுத்தோங்கில் வாசிக்கப்பட்டது. அம்மையார் ஆங்கிலத்தில் வாசிக்க, ஜெயலெட்சுமி தமிழில் சொல்ல, ஹபீபா பீவி தேங்காய்ச்சோறு கிண்டிக்கொண்டே கேட்டார். சபையோரே, தேங்காய்ச்சோற்றின் குணம் உங்களுக்குத் தெரியும். கண் அயர்ந்தால் அடிப்பிடிக்கும். ஹபீபா பீவியின் கண்ணிலிருந்து நீர் வழிந்தது. கை நிற்கவில்லை. சோறு மல்லிகைபோல் இறங்கியது.

அம்மையார் கிழித்தார். மறுநாள் வேறு முடிவு. கண்ணீர் வந்தது, சோறு மல்லிகை. மூன்றாம் நாள் மழையில் கல்யாணம். மல்லிகை. நான்காம் நாள் மாதாகோவிலில் கல்யாணம். மல்லிகை. ஆறு நாளில் ஆறு கல்யாணம் முடிந்தது. ஆறு நாளும் பங்களா வேலைக்காரர் அத்தனை பேரும் வயிறார உண்டார்கள். அம்மையார் மட்டும் உண்ணவில்லை. கப்பல் புறப்பட மூன்றே நாள். முப்பத்திரண்டு ஆண்டு எழுதிய கை இனி ஓயவேண்டியதுதானா என்று அவர் தொட்டியில் காலை வைத்துக்கொண்டு வெறுமனே அமர்ந்திருந்ததை நானே பார்த்தேன்.

ஏழாம் நாள் காலையில் அம்மையார் தொட்டியில் கால் வைத்தபடியே, அடுக்களைக்குப் போய்ச் சோறு ஏன் தீயவில்லை என்று கேட்டுவரச் சொன்னார். ஜெயலெட்சுமி கேட்டார்.

"அழுவத்தானே வேணும்? அழுதுட்டேன்லா. சோத்த எதுக்குத் தீய விடணும் டீச்சர்?" என்றார் ஹபீபா பீவி. பிறகு கரண்டியை எடுத்துவைத்துவிட்டுச் சொன்னார்: "கத நல்லாத்தான் இருக்கு. ஆனா அப்பன் ஒரு மாப்பிள்ளையச் சொல்றாரு, சித்தப்பன் ஒருத்தரச் சொல்றாரு, வக்கீலு ஒருத்தரச் சொல்றாரு. யாரு செயிச்சா எனக்கு என்ன? அந்தப் புள்ளகிட்ட ஒரு வார்த்த யாருமே கேக்கலையே."

இதை மொழிபெயர்த்துச் சொன்னதும் பிம்லே அம்மையார் ஈரக்காலோடு எழுந்து நடந்தார். தரையில் பாதச்சுவடு மேசை வரை போயிற்று. மறுநாள் மீண்டும் அடுக்களை, மீண்டும் அடுப்பு, மீண்டும் தேங்காய்ச்சோறு. புதிய அத்தியாயத்தில் பெரியவர்கள் மூவரும் பேசிக் களைத்துப்போகிறார்கள். யாரோ ஒருவர் அந்தப் பெண்ணின் பக்கம் திரும்புகிறார். "உனக்கு என்னம்மா வேண்டும்?" என்கிறார். ஜெயலெட்சுமி இந்த வரியைத் தமிழில் சொன்னார். ஹபீபா பீவியின் கை நின்றது. அந்தப் பெண்ணின் பதிலை வாசித்து முடிப்பதற்குள் ஜெலுத்தோங் முழுவதும் கருகல் வாடை.

லண்டன் பதிப்பாளர் படித்துவிட்டுத் தந்தி அடித்தாராம்: "கல்யாணம் எங்கே?" அம்மையார் பதில் அனுப்பினார்: "முதலில் பெண்ணைக் கேட்டேன்." அந்த நாவல் மற்ற எழுபதையும்விடக் குறைவாக விற்றது. உண்மையை மறைப்பானேன்? அம்மையார் அதற்குமேல் எழுதவுமில்லை. பித்தளைத் தொட்டியை ஹபீபா பீவிக்கே கொடுத்துவிட்டுத்தான் கப்பலேறியிருந்தார். அதில் இப்போது அரிசி ஊறுகிறது. ஜெயலெட்சுமிக்குக் கொடுத்துப்போன நூல்கள்தாம் நம் பதினான்கு நோட்டுப் புத்தகங்களாயின. பதினான்காவது, தட்டெழுத்துப் படியாகத் தந்த இந்த எழுபத்தொன்றாவது நாவல். இதுதான் அம்மையாரின் வரலாறு.

இனித் தீர்மானத்துக்கு வருகிறேன். அது சொல்லும் காரணம் என்ன? "நமது ஆண் உறுப்பினர்கள் மேற்படி காதல் கதைகளை முந்நூற்றுப் பன்னிரண்டு முறை எடுத்துச் சென்று, தொழில் கவனம் குன்றி வருகிறார்கள்." திரு பெரியகருப்பன் அவர்கள் இந்தக் கணக்கைக் காரியதரிசியிடம் கேட்டார். ஜனாப் முகம்மது சுல்தான் மரியாதை தெரிந்தவர். எண்ணைச் சொன்னார், பெயர்களைச் சொல்லவில்லை.

நான் மரியாதை தெரியாதவன். பதிவேட்டைப் பார்த்தேன். அக்கிராசனர் அவர்கள் பதினான்கு நோட்டுப் புத்தகத்தையும் வரிசை தவறாமல் வாசித்திருக்கிறார். வாழ்த்துகள். திரு பெரியகருப்பன் அவர்கள் பதினான்காவதை மட்டும் இரண்டு முறை எடுத்து, இரண்டாம் முறை மூன்று வாரம் தாமதித்துத் திருப்பியிருக்கிறார். சிரிக்காதீர்கள். சிரிக்கும் முதல் வரிசை அண்ணன் பெயரும் இருக்கிறது, ஒன்பது முறை.

ஐயா, நீங்கள் யாரும் கெட்டுப்போகவில்லை. ஒரு பக்கமும் படிக்கவில்லை. நம் வாசகசாலையின் விதி என்ன? குடும்பத்தலைவர் மட்டுமே உறுப்பினர். புத்தகம் யார் கையில் போனாலும் பதிவது தலைவர் பெயரில். தட்டிக்கு அந்தப் பக்கத்தில் படித்தவற்றுக்கு இந்தப் பக்கத்தில் தண்டனை கேட்கிறோம். இல்லை, அதுவும் இல்லை. இந்தப் பக்கத்தைத் திருத்துவதற்காக அந்தப் பக்கத்துக்குத் தண்டனை கேட்கிறோம்!

தீர்மானத்தை முன்மொழிந்தவர் ஆண். வழிமொழிந்தவர் ஆண். அம்மையாரின் வரலாற்றைச் சொல்ல அழைக்கப்பட்ட நானும் ஆண். அப்பன் சொன்னார், சித்தப்பன் சொன்னார், வக்கீல் சொன்னார். சபையோரே, வெள்ளிக்கிழமைக்காக ஆறு நாள் காத்திருப்பவர் யார்? சமையலை முற்பகலிலேயே முடித்துவிட்டுப் படகேறி வருபவர் யார்? ஒரு நோட்டுப் புத்தகம் ஒன்பது வீடு சுற்றிவந்தும் ஓரம் மடங்காமல் வருகிறதே, அதைக் காத்த கைகள் யாருடையவை? அவர்களிடம் ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை, யாராவது கேட்டோமா?

நாவலில் அந்தப் பெண் என்ன பதில் சொன்னாள் என்று எனக்குத் தெரியாது. நானும் பதினான்காவது நோட்டுப் புத்தகத்தைப் படித்ததில்லை. அக்கிராசனர் அவர்களே, எனக்குக் கொடுத்த நேரத்தில் எட்டு நிமிடம் மிச்சம் இருக்கிறது. அதை ஜெயலெட்சுமி அம்மையாருக்குக் கொடுக்கிறேன். அவர் அந்தக் கடைசிப் பக்கத்தை இங்கே வாசிக்கட்டும். வாசித்தபின் தாங்கள் தட்டியின் பக்கம் திரும்பி, பிம்லே அம்மையார் நாவலில் கேட்ட அதே கேள்வியைக் கேளுங்கள். பதில் வந்தபிறகு வாக்கெடுப்பு நடக்கட்டும். அதில் தோற்றாலும் எனக்கு வருத்தமில்லை.

செவி கொடுத்த சபைக்கு நன்றி. இதுவரை பேசாதிருந்த பக்கத்துக்கு என் வணக்கம். ஒரே ஒரு வேண்டுகோள்: வீட்டில் எதையாவது அடுப்பில் வைத்துவிட்டு வந்தவர்கள் இருந்தால், இப்போதே ஓடிப்போய் இறக்கிவிட்டு வாருங்கள்.