எதிர்ப்பக்கத்துக்கு ஒரு வரி

கலைமதி அக்கா, நான் மாதவராஜ். நம்பர் புதிது. நேற்றோடு எனக்கு இருபத்து நான்கு முடிந்தது. சென்னையில் டிவி ஆபீஸ் மாடிப்படியில் உட்கார்ந்து, போனிடம் பேசிப் பேசி இதை எழுதுகிறேன். மத்தியானச் சாப்பாடு நன்றாக இருந்தது.

ஞாயிறுதோறும் எங்கள் டிவியில் புதுப்படங்களைப் பற்றி விமர்சகர்கள் விவாதிப்பார்கள். யார் ஆதரவு, யார் எதிர்ப்பு என்பது படம் பார்க்கும் முன்பே முடிவாகிவிடும். எதிர்ப்பக்கத்துக்குக் குறிப்பு எழுதுவது நான்; அது அண்ணனுக்குத் தெரியாது. அறிவழகன் அண்ணனின் முதல் படத்துக்கும் நான்தான் எழுதினேன்.

அதில் மகன், மூச்சுமுட்டும் அப்பாவை முதுகில் சுமந்து மலையிறங்குவான். ஊரே அழுததாம். தீர்த்தமலைப் படிகளில் நம் அப்பாவைச் சுமந்தது நான். அண்ணன் ஷூட்டிங்கில் இருந்தார். அவர் போன் ரிப்பேர் என்று உனக்குச் சொன்னோம். காவேரி அண்ணி கூப்பிட்ட ஒன்பது முறையும் அவர் கட் செய்தார். அது எனக்கும் அண்ணிக்கும்தான் தெரியும்.

அதைக் குறிப்பில் ஒரு வரியாகச் சேர்த்தேன். விமர்சகர் கோவிந்தன் சிரித்துக்கொண்டே சொன்னார்.

"அப்பா சாகக் கெடக்குறப்ப ஒம்பது போனையும் கட் பண்ணவருங்க இந்த டைரக்டரு. இப்ப நம்மள அழச் சொல்றாரு."

"சார், படத்தப் பத்திப் பேசுங்க சார்" என்றார் ஆதரவுப் பக்கத்து விமர்சகர்.

"படமே பொய்யிங்கிறேன் சார்."

அண்ணன் உடனே என்னைக் கூப்பிட்டார். "ஏன்டா தம்பி, ஒம்பதுன்னு எண்ணிச் சொல்றானே, யாருடா சொன்னது?"

யோசித்துத்தான் பதில் சொன்னேன். "அண்ணி கோவிந்தன் சார் நம்பர் கேட்டாங்கண்ணா. எதுக்குன்னு தெரியலீங்கண்ணா."

நான்தான் என்று தெரிந்தால் அண்ணன் ஆபீஸில் சண்டைக்கு வருவார், வேலை போய்விடும் என்ற பயம். வேறொன்றுமில்லை.

மறுநாளே அண்ணியை இண்டூரில் அவர் அம்மா வீட்டில் விட்டுவிட்டார். அப்போது அண்ணிக்கு ஐந்து மாதம். போன செவ்வாய்க்கிழமை பெண் குழந்தை பிறந்தது. அண்ணன் பார்க்கப் போகவில்லை. "எம் மானத்த வித்தவ பெத்த புள்ள எனக்கெதுக்கு" என்றாராம்.

நடுவில் அண்ணி ஒரு முறை எனக்குப் பேசினார். "நான் யாருகிட்டயும் சொல்லலப்பா. நீ சொன்னா உங்கண்ணன் கேப்பாரு. ஒரு வார்த்த சொல்லுப்பா."

"சரிங்கண்ணி" என்றேன். அதன்பிறகுதான் நம்பரை மாற்றினேன்.

அண்ணனுக்கு நான் கெடுதல் நினைத்ததே இல்லை அக்கா. அந்த விவாதத்துக்குப் பிறகுதான் தியேட்டரில் கூட்டம் கூடியது.

நீ ஒரே ஓர் உதவி செய். அண்ணியையும் குழந்தையையும் வீட்டுக்குக் கூட்டிவரச் சொல். காவேரி தெரியாமல் சொல்லிவிட்டாள், மன்னித்துவிடு என்று அண்ணனிடம் சொல். என் பெயர் வேண்டாம்.