நாலு எண்ணும் நேரம்

என் முகத்தை எங்கேயோ பார்த்ததுபோல் இருக்கிறது என்று உங்களுக்குத் தோன்றினால், அது சரிதான், இன்ஸ்பெக்டர். பெயர்தான் யாருக்கும் வாயில் வராது. நார்மன் கிரிம்ஷா. முப்பத்தொரு வருடமாக நகைச்சுவைத் துணைவேடங்கள். கல்யாணத்தில் மோதிரத்தை விழுங்கிவிடும் பாதிரியார், தப்பான ரயிலில் ஏற்றிவிடும் போர்ட்டர், திருடனுக்கே கதவைத் திறந்துவிடும் போலீஸ்காரர் எல்லாம் நான்தான்.

இந்தக் கோடைக்கு ஸ்கார்பரோ கடற்கரை அரங்கில் பட்லர் வேடம். பிரபுவாக வருபவர் டெஸ்மண்ட் ஃபேர்லி, அவருக்காகத்தான் கூட்டம். இரண்டாம் அங்கத்தில் நான் மீன் தட்டைக் கொண்டுவந்து மூடியைத் திறப்பேன். உள்ளே பிரபுவின் பல்செட் இருக்கும். நான் பேச மாட்டேன். சபையைப் பார்த்தபடி மனதுக்குள் நாலு வரை எண்ணுவேன். நாலாவதில் அரங்கமே அதிரும். அது அடங்கிய பிறகு, “சாஸ் கொண்டு வரட்டுமா, பிரபு?” என்பேன்.

அப்படி ஒரு சிரிப்பு எனக்கு அதற்கு முன் கிடைத்ததில்லை. உள்ளூர்ப் பத்திரிகையில் பட்லரின் பார்வையைப் பற்றி இரண்டு வரி வந்தது. மறுநாளிலிருந்து, நான் மூன்று எண்ணும்போது டெஸ்மண்ட் இரண்டடி பின்னால் நகர்ந்து மூக்கைச் சிந்த ஆரம்பித்தார். சபை அந்தப் பக்கம் திரும்பும். என் சிரிப்பு அங்கேயே செத்துவிடும்.

மூன்று வாரம் பொறுத்துவிட்டு அவர் ஒப்பனை அறைக்குப் போனேன்.

“நான் மூணு எண்ணும்போது நகர்றீங்க, டெஸ்மண்ட். ஒரு நொடி பொறுத்துக்கக் கூடாதா?”

அவர் கண்ணாடியை விட்டுத் திரும்பவில்லை. “அடடே, அங்க உனக்கு ஒரு சிரிப்பு இருந்துதாப்பா? எனக்குத் தெரியவே இல்லையே.”

நேரம் சொல்ல வந்திருந்த மேடை நிர்வாகி ஈனிட் வாயைப் பொத்திக்கொண்டாள்.

“மனசுல வச்சுக்காத, நார்மன். ஜனங்க யாரைப் பாக்க வர்றாங்கன்னு வாசல்ல பெருசா எழுதியிருக்கு. போகும்போது படிச்சுப் பாரு.”

நான் கோபப்படவில்லை. நன்றி சொல்லிவிட்டு வந்தேன்.

அவர் நகர்ந்து நிற்கும் இடத்தில், மேடைத் தரையில், கீழ்நோக்கித் திறக்கும் ஒரு பொறிக்கதவு உண்டு. கிறிஸ்துமஸ் நாடகத்தில் பூதம் மறைவதற்காக வைத்தது. கீழிருந்து இரண்டு தாழ்ப்பாள். இந்த நாடகத்தில் அதன்மேல் யாருக்கும் வேலையில்லை. வியாழக்கிழமை, மதியக் காட்சிக்கு முன், பிக்கர்டைக் என்ற எங்கள் மேடைத் தச்சர் சாப்பிடப் போயிருந்தபோது நான் கீழே இறங்கினேன். ஒரு தாழ்ப்பாளைக் கழற்றினேன். மற்றதை நகக்கண் அளவு விட்டுவைத்து, மணல் மூட்டையை வைத்து மூன்று தடவை சரிபார்த்தேன். பூதத்துக்காகப் போட்டிருந்த மெத்தையை ஓரமாகத் தள்ளிவைத்தேன். ஒரே தூசி.

டைரக்டர் நிறுத்திய இடத்தில் நின்றிருந்தால் டெஸ்மண்ட் இன்று உயிரோடு இருப்பார். அதை நீங்கள் எழுதிக்கொள்ள வேண்டும்.

மூன்று எண்ணும்போது அவர் நகர்ந்தார். கைக்குட்டையோடு மறைந்தார். நாடகத்தில் அப்படித்தான் என்று நினைத்துச் சபை சிரித்தது. கீழிருந்து, “நார்மன்... நார்மன்...” என்று மெல்லிய குரல் வந்தது. எனக்கு மட்டும்தான் கேட்டிருக்கும். சிரிப்பின்மேல் பேசக் கூடாது என்பது எங்கள் தொழிலில் பாலபாடம். காத்திருந்தேன். அடங்கியதும் அந்தப் பள்ளத்துக்குள் குனிந்து, “சாஸ் கொண்டு வரட்டுமா, பிரபு?” என்றேன்.

இரண்டாவது சிரிப்பு முதலாவதைவிடப் பெரிது. ஈனிட் ஓரத்தில் நின்று பதறிக் கையாட்டினாள். அவர் நலம் என்று கண்ணைக் காட்டினேன். ஆறு நிமிடம் தனியாகவே காட்சியை நடத்தினேன். அந்த ஆறு நிமிடம் வீணாகாமல் இருந்திருந்தால் பிழைத்திருப்பார் என்று டாக்டர் சொன்னாராம்.

பிக்கர்டைக்கை விட்டுவிடுங்கள். தாழ்ப்பாள் விஷயத்தில் அவர் ஒழுங்கான மனிதர். பத்திரிகைகள் விபத்து என்கின்றன. விபத்துக்கு இவ்வளவு சரியாக நேரம் பார்க்கத் தெரியாது.

எங்கே வேண்டுமானாலும் கையெழுத்துப் போடுகிறேன். உங்கள் சார்ஜென்ட்டின் மனைவி அன்று மூன்றாம் வரிசையில் இருந்தாராமே. அவர் சிரித்தது டெஸ்மண்ட் விழுந்ததற்கா, அதற்குப் பிறகு என் முகத்தைப் பார்த்தா என்று மட்டும் கேட்டுச் சொல்லுங்கள்.