செத்த கேரக்டர் திரும்பாது

அக்கா வீட்டு ஃபிரிட்ஜை இன்னும் நான் சரிசெய்து கொடுக்கவில்லை. கேஸ் நிரப்பினால் போதும். யாரையாவது அனுப்பிவையுங்கள், சார்.

நீங்கள் கேட்டது கேம் சர்வரைப் பற்றி. இணையத்தில் மட்டுமே ஆடக்கூடிய சண்டை விளையாட்டு அது. அதை நடத்திய கம்பெனி மூன்று வருடத்துக்கு முன் மூடிவிட்டது. என் ஒர்க்‌ஷாப்பின் பின்னறையில், பழைய கம்ப்யூட்டர் ஒன்றில் நான் அதைத் திரும்ப ஓடவிட்டேன். அனுமதியெல்லாம் இல்லை. இருநூறு பேர் ஆடினார்கள். விதி ஒன்றுதான்: செத்த கேரக்டர் திரும்பாது. அந்தப் பயத்துக்காகத்தான் அத்தனை பேரும் வந்தார்கள்.

செத்த கேரக்டரை பேக்கப்பிலிருந்து எழுப்பும் கடவுச்சொல் எனக்கும் அக்காவின் கணவருக்கும் மட்டுமே தெரியும்.

அக்காவும் ஆடுவாள். ஒருநாள் அவள் வீட்டில் கரண்ட் போன நேரத்தில், விளையாட்டில் அவளுடைய வில்காரி செத்தாள். அக்கா இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. மறுவாரம் வில்காரி விளையாட்டின் ஊர்வாசலில் மறுபடி நின்றாள்.

ஞாயிறு மதியம், பின்னறையில் என் கம்ப்யூட்டரில் ஆடிக்கொண்டிருந்த மச்சானிடம் கேட்டேன். அவர் தலையைத் திருப்பவில்லை.

"நீங்கதான எழுப்புனீங்க?"

"உங்கக்கா மூஞ்சியப் பாக்க முடியல மாப்ள. பொம்மைதான, விடு."

"இருநூறு பேருக்கு என்ன பதில் சொல்றது?"

"நீ என்ன எமனா? போய் டீ போடு, போ."

குழாய் ரெஞ்ச் கைக்கு எட்டியது. விளையாட்டில் ஒரே அடியில் விழுந்துவிடுவார்கள். இங்கே காதுக்கு மேல் அடித்த பிறகும், "என்ன மாப்ள?" என்று சாதாரணமாகக் கேட்டார். இன்னும் நான்கு அடிகள் தேவைப்பட்டன. மூன்றாவதில் எலும்பு உள்ளே இறங்கியது. கீபோர்டைக் கவிழ்த்துவைத்தேன்; ஈரம் இறங்கினால் வீணாகிவிடும்.

அதற்குள் திரையில், ஆட ஆளில்லாமல் நின்ற அவருடைய கோடரிக்காரனை ஓநாய்கள் குதறிவிட்டன. 'கோடரிக்காரன் வீழ்ந்தான்' என்று எல்லோர் திரையிலும் ஓடியது. எனக்குக் கண் கலங்கிவிட்டது. மூன்று வருடம் என் பக்கத்தில் நின்று சண்டை போட்டவன்.

மச்சானைக் கடையில் இருந்த ஃப்ரீசர் ஒன்றில் வைத்தேன். வெளியூர் போயிருப்பதாக அக்காவிடம் சொன்னேன். பிறகு கோடரிக்காரனை எழுப்பினேன்.

மறுநாள் அக்கா ஒர்க்‌ஷாப்புக்கே வந்துவிட்டாள்.

"உன் மச்சான் ஃபோன எடுக்கல. நேத்து செத்த கோடரிக்காரன் இன்னைக்கு நிக்கிறான். எழுப்பத் தெரிஞ்சது ரெண்டே பேருக்கு. அவர் எங்கடா?"

பழுதுக்கு வந்த பதினொரு ஃபிரிட்ஜ், ஃப்ரீசர்களில் ஓடிக்கொண்டிருந்தது ஒன்றுதான். அவள் அந்தச் சத்தத்தை நோக்கி நடந்தாள்.

மச்சான் விஷயம் விதிப்படி நடந்தது, சார். கோடரிக்காரனை எழுப்பியதுதான் தப்பு. அதற்கு எங்கே கையெழுத்துப் போட வேண்டும்?